ஆவன செய்யப்படும்

பட்டனை அழுத்தினால் சிவப்பு விளக்கு பளிச்சென்று எரியும். லிஃப்ட் மட்டும் வராது. தரைத்தளமும் அதற்கு மேல் ஆறு மாடியுமாக நாற்பத்திரண்டு வீடுகள் உள்ள அந்தக் குடியிருப்பில் பதினோரு மாதமாக இதுதான் நிலவரம். புதிதாக வருகிற விருந்தாளிகள் விளக்கை நம்பிக் கால் மாற்றிக் கால் மாற்றி நின்றுவிட்டு, கடைசியில் படியேறுவார்கள். குடியிருப்புக்காரர்கள் யாரும் முன்கூட்டிச் சொல்வதில்லை. நாம் பட்டதை அவர்களும் கொஞ்சம் படட்டுமே என்ற நல்லெண்ணம்தான், வேறென்ன.

ஆறாம் மாடியில், படி முடிகிற இடத்துக்கு நேர் எதிர் வீட்டில் ஒரு மருமகள் இருந்தாள். போக்குவரத்து அலுவலகத்தில் புகார்த் தொலைபேசி எடுப்பது அவள் வேலை. பஸ் நிற்கவில்லை, கண்டக்டர் எரிந்து விழுந்தார், ஜன்னல் மூடவில்லை, குடையை விட்டுவிட்டு இறங்கிவிட்டேன் என்று காலை எட்டரையிலிருந்து நாலரை வரை ஊர் முழுக்க அவள் காதில் வந்து கொட்டும். மேஜைக் கண்ணாடிக்கு அடியில் மூன்று வாக்கியங்கள் அச்சடித்த தாள் ஒன்று உண்டு. ‘தங்கள் புகார் பதிவு செய்யப்பட்டது. சிரமத்துக்கு வருந்துகிறோம். ஆவன செய்யப்படும்.’ இதற்கு மேல் நாலாவதாக ஒரு வார்த்தை பேசக் கூடாது என்பது மேலதிகாரியின் கண்டிப்பு. ஒன்பது வருஷமாக இந்த மூன்றையே சொல்லிச் சொல்லி அவளுக்குத் தேனில் தோய்த்த மாதிரி ஒரு குரல் வந்துவிட்டது. கன்னாபின்னாவென்று திட்ட ஆரம்பித்தவர்கள்கூட, “சரிங்க, ரொம்ப தேங்க்ஸுங்க” என்று சொல்லி வைத்துவிடுவார்கள். குடியிருப்பில் அவளுக்குப் ‘புகாரு’ என்றே பெயர் விழுந்துவிட்டது.

அவள் மாமனார் முப்பத்தோரு வருஷம் டவுன் பஸ் ஓட்டியவர். குளியலறையில் வழுக்கி விழுந்து இடுப்பில் அறுவைச் சிகிச்சை. சமதரையில் கைத்தடி வைத்து ஜோராக நடப்பார். படி மட்டும் கூடவே கூடாது என்று டாக்டர் சொல்லிவிட்டார். ஆஸ்பத்திரியிலிருந்து வந்த அன்று நாலு பேர் நாற்காலியோடு அவரைத் தூக்கி வந்து ஆறாம் மாடியில் வைத்தார்கள். வைத்தது வைத்ததுதான். கீழே சலூன் வாசலில் ஒரு சிமெண்டு பெஞ்சு இருக்கிறது. முன்பெல்லாம் காலையில் ஒரு மணி நேரம், மாலையில் ஒரு மணி நேரம் அவருடைய அரட்டைக் கச்சேரி அங்கேதான். இப்போது பால்கனியில் நின்று எட்டிப் பார்ப்பார். ஆறு மாடி உயரத்திலிருந்து பார்த்தால் நண்பர்களின் வழுக்கை மட்டும்தான் தெரியும். எந்த வழுக்கை யாருடையது என்று கண்டுபிடிப்பதுதான் அவருக்கு மிச்சமிருந்த பொழுதுபோக்கு.

அதுவும் போக, மருமகள் இருந்தாள். சாயங்காலம் தொண்ணூற்றாறு படி ஏறி வந்து அவள் செருப்பைக் கழற்றுவதற்குள், வெங்காயம் உரித்துக்கொண்டே கேட்பார். “இன்னிக்கு என்னம்மா புகார்?”

“சந்தை ஸ்டாப்புல வண்டி நிக்கவே இல்லையாம் மாமா.”

“எப்படி நிக்கும்? அங்க ஒரு பள்ளம், யானையே படுக்கலாம். பத்தடி தள்ளி ஒரு போர்டு நட்டா தீர்ந்துது.”

அலுவலகத்தில் வருஷக்கணக்காகத் தீராத புகாரெல்லாம் அந்தச் சமையலறையில் வெங்காயம் நறுக்கி முடிப்பதற்குள் தீர்ந்துவிடும். மாமியார் போய்ச் சேர்ந்து ஆறு வருஷம். பெற்ற அப்பாவிடம்கூட அவள் இவ்வளவு வாயடித்ததில்லை.

இப்படி இருக்கும்போதுதான், பேக்கரியில் அடுப்படி வேலை பார்க்கும் அவள் வீட்டுக்காரர் ஒரு நாள் சாப்பாட்டுத் தட்டின் முன்னால் குண்டைத் தூக்கிப் போட்டார்.

“அப்பாவை இன்னும் எத்தனை நாளைக்குக் கூண்டுக்குள்ள வச்சிருக்கிறது? அண்ணன் வீடு கீழ்த்தளம். வாசல்ல இறங்கி நடக்கலாம். அடுத்த மாசம் போகட்டும், அதுக்கு அடுத்த ஒண்ணாம் தேதி கொண்டுபோய் விட்டுடறேன்.”

“அந்த ஊர்ல மாமாவுக்கு யாரைத் தெரியும்? அங்க எல்லாரும் காலையில ஏழு மணிக்குக் கிளம்பினா பொழுது சாஞ்சுதான் வருவாங்க. சுவரோடயா பேசுவார்?”

“இங்க மட்டும் என்ன? வழுக்கைங்களோட பேசுறார்.”

சொல்லிவிட்டு அவரே தலையைக் குனிந்துகொண்டார். கெட்ட மனுஷர் இல்லை. அப்பா பால்கனியில் நிற்பதைப் பார்க்கச் சகிக்கவில்லை, அவ்வளவுதான். மாமனார், “சரிப்பா. நீ சொன்னா சரி” என்றார். அன்றைக்குப் புகாரும் கேட்கவில்லை. மறுநாளே நாலு சட்டையை மடித்து ஒரு பையில் வைத்து, பையைக் கதவோரம் நிறுத்திவிட்டார். ஒண்ணாம் தேதிக்கு இன்னும் ஏழு வாரம் கிடந்தது. போகும்போதும் வரும்போதும் அந்தப் பையைப் பார்க்கப் பார்க்க மருமகளுக்கு அழுகையும் ஆத்திரமும் ஒன்றாக முட்டிக்கொண்டு வரும். மாமா போய்விட்டால் இந்த வீட்டுக்கு எதற்குத் தொண்ணூற்றாறு படி ஏறி வருவது என்று ஒரு நாள் வாய்விட்டே கேட்டுவிட்டாள்.

லிஃப்ட் விஷயமாக வீட்டுவசதி அலுவலகத்துக்கு அதற்கு முன்பே பதினாலு மனு போயிருந்தது. பதினாலும் அவள் கைப்பட எழுதியவை, முத்து முத்தான எழுத்து. பதினாலுக்கும் பதில் வந்தது, அதைக் குறை சொல்ல முடியாது. ‘தங்கள் மனு பெறப்பட்டது. மின்தூக்கி தொடர்பாக ஆவன செய்யப்படும்.’ பதினாலாவது கடிதத்தைப் படித்துவிட்டு அவள் படியிலேயே உட்கார்ந்துவிட்டாள்.

“நான் ஊருக்கெல்லாம் ஊத்துற கஞ்சியை எனக்கே திருப்பி ஊத்துறாங்களே!”

அந்தப் பக்கமாக இறங்கி வந்தவள் மூன்றாம் மாடி மீட்டர் அக்கா. வீடு வீடாகப் போய் மின்சார மீட்டர் குறிப்பவள். ஊரில் உள்ள படிகளெல்லாம் அவள் காலுக்கு மனப்பாடம். அவள் கடிதத்தை வாங்கிப் பார்த்துவிட்டு மடித்து விசிறிக்கொண்டாள்.

“மனுவைப் படிக்காமலே தூக்கிப் போட்டுடலாம்டி. நாடகத்தைத் தூக்கிப் போட முடியுமா? கூப்பிட்டு உக்கார வச்சிட்டா பார்த்துத்தானே ஆகணும்?”

“நாடகம் போட்டா லிஃப்ட் வருமாக்கா?”

“கடுதாசி போட்டு வந்துச்சா?”

மீட்டர் அக்கா பள்ளிக்கூடத்தில் ஒரே ஒரு நாடகத்தில் நடித்திருக்கிறாள், மரமாக. ஒரு மணி நேரம் அசையாமல் நின்றதற்குச் சோப்பு டப்பா பரிசு. அந்த அனுபவத்தை மூலதனமாக வைத்துக்கொண்டு ஒரு வாரத்தில் கதை, வசனம், டைரக்ஷன் எல்லாம் அவளே பார்த்துவிட்டாள். மரமாக நின்றவளுக்கு இவ்வளவு ஓட்டம் எங்கிருந்து வந்தது என்று எல்லோரும் மூக்கின் மேல் விரலை வைத்தார்கள்.

அவள் போட்ட திட்டத்தில்தான் சூட்சுமம் இருந்தது. மேடை கிடையாது. படிக்கட்டுதான் மேடை. ஒவ்வொரு மாடியிலும் ஒரு காட்சி. ஒரு காட்சி முடிந்ததும் பார்க்கிறவர்கள் எழுந்து அடுத்த மாடிக்கு ஏற வேண்டும். கடைசிக் காட்சி ஆறாம் மாடியில், மாமனார் வீட்டு வாசலில். தலைமை விருந்தினர் யார் என்று கேட்கவா வேண்டும்? வீட்டுவசதி அதிகாரியேதான். அழைப்பிதழில் அவர் பெயரைக் கொட்டை எழுத்தில் போட்டார்கள். ‘நிறைவுக் காட்சியும் தலைமையுரையும் ஆறாம் மாடியில்’ என்பதைப் பொடி எழுத்தில் போட்டார்கள். பதினாலு மனுவுக்கு மாதக்கணக்கில் யோசித்த அலுவலகம், இந்த அழைப்பிதழுக்கு இரண்டே நாளில் பதில் போட்டது. ‘மகிழ்ச்சியுடன் கலந்துகொள்கிறேன்.’

நாடகத்தில் வருகிற அதிகாரி வேஷத்துக்குத்தான் ஆள் கிடைக்கவில்லை. கீழ்த்தளத்துச் சலூன்காரர், “நாளைக்கு அவர் ஷேவிங்குக்கு வந்து உக்காந்தா எனக்குக் கை நடுங்கும், அவர் கழுத்துக்குத்தான் ஆபத்து” என்று கழன்றுகொண்டார். நாலாம் மாடி நர்ஸ், தனக்குத் தூங்குகிற வேஷம்தான் வேண்டும் என்று அடம்பிடித்தாள். கடைசியில் எல்லோரும் மருமகளைப் பார்த்தார்கள்.

“ஐயோ, எனக்கு நடிக்க வராதுக்கா.”

“ஒரு தடவை சொல்லிக் காட்டு. ஆவன செய்யப்படும்.”

அவள் சொன்னாள். ஒன்பது வருஷத்துக் குரல், தானாக வந்தது. ஒத்திகைக்கு வந்திருந்த இருபது பேரும் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார்கள். அவளுக்கு முகம் சுண்டிப்போயிற்று. தினமும் நான் இப்படியா பேசுகிறேன் என்று அன்று வீட்டில் மாமனாரிடம் கேட்டாள்.

“நல்லாத்தான்மா பேசுறே” என்றார் அவர். “கேக்குறவனுக்குக் கோவமே வராது. வந்த கோவமும் போயிடும். அப்புறம் போர்டை யார் நடுறது?”

அவளுக்குச் சுருக்கென்றது. ஆனாலும் மறுநாள் ஒத்திகைக்கு அவருடைய பழைய டிரைவர் கோட்டைப் போட்டுக்கொண்டு முதல் ஆளாகப் போய் நின்றாள்.

கடைசிக் காட்சி இப்படி. மாமனார் தன் வாசலில் நாற்காலி போட்டு உட்கார்ந்திருப்பார். அவருக்கு எதிரில் அதிகாரிக்காக இன்னொரு நாற்காலி காலியாக இருக்கும். மாமனாருக்கு ஒரே ஒரு வசனம். “லிஃப்ட் எப்போ சார் வரும்?” அது காதில் விழுந்ததும் கதவுக்குப் பின்னாலிருந்து முதலில் அதிகாரியின் குரல் மட்டும் வர வேண்டும். “ஆவன செய்யப்படும்.” பிறகு அதிகாரி வெளியே வருவார். பிறகு ஜனங்களெல்லாம் சேர்ந்து கோஷம் போடுவார்கள். மீட்டர் அக்கா எழுதியிருந்தது அவ்வளவுதான்.

மாமனார்தான் தலையை ஆட்டினார். “கோஷம் வேண்டாம்மா. கத்தினா அவர் காதைப் பொத்திக்குவார். அந்த அதிகாரியே சொல்ற மாதிரி எழுதேன். ‘நாளைக்குக் காலையில பத்து மணிக்கு ஆள் வரும், என் பேர்ல எழுதிக்குங்க’ன்னு. நாடகத்துலயாவது ஒரு தடவை காதால கேட்டுட்டுப் போறேன்.”

போறேன் என்று அவர் சொன்னது மூத்த மகன் வீட்டுக்கு. மீட்டர் அக்கா மூக்கை உறிஞ்சிக்கொண்டு கோஷத்தை அடித்துவிட்டு அந்த வசனத்தை எழுதினாள்.

மூன்று வாரம் ஒத்திகை நடந்தது. ‘எப்போ’ என்ற சொல் காதில் விழுந்தாலே மருமகளின் வாய் தானாகத் திறக்கும் அளவுக்குப் பழகிப்போயிற்று. வீட்டுக்காரர் பசியோடு வந்து, “சாப்பாடு எப்போ?” என்று கேட்டால், அடுப்படியிலிருந்து, “ஆவன செய்யப்படும்” என்று பதில் வரும். அவர் தலையில் அடித்துக்கொள்வார். மாமனாருக்கு மட்டும் அதைக் கேட்டு ஒரே குஷி.

பதினெட்டாம் தேதி ஞாயிற்றுக்கிழமை மாலை நாலு மணிக்கு நாடகம். அதிகாரி சொன்ன நேரத்துக்கு வந்துவிட்டார். ஆஜானுபாகுவான ஆள், பளபளக்கும் ஷூ, சட்டைப் பையில் தங்க மூடி போட்ட பேனா, கையில் ஒரு பைல். நல்ல சிரித்த முகம். வந்தவர் நேராக லிஃப்டுக்குப் போய்ப் பட்டனை அழுத்தினார். விளக்கு எரிந்தது. திருப்தியாகத் திரும்பி, “அதான் வேலை செய்யுதே!” என்றார். கூட்டம் கைதட்டியது. நாடகம் ஆரம்பித்துவிட்டது என்று நினைத்துவிட்டார்கள்.

முதல் மாடியில் காஸ் சிலிண்டர் தூக்குகிறவர் காட்சி. இரண்டாம் மாடித் திருப்பத்தில் ஒரு அலமாரி மாட்டிக்கொண்டு, மேலேயும் போகாமல் கீழேயும் வராமல், அதன் இரண்டு பக்கமும் ஒரு புருஷனும் பெண்டாட்டியும் தனித்தனியாகக் குடித்தனம் நடத்துகிற காட்சி. அதிகாரி விழுந்து விழுந்து சிரித்தார். மூன்றாம் மாடி வந்தபோது கழுத்துப் பட்டனைக் கழற்றினார். நாலாம் மாடியில் நர்ஸ், வேலை முடிந்து வீட்டுக்கு ஏறுகிறவள், பாதிப் படியில் உட்கார்ந்து தூங்கிவிடுகிற காட்சி. நர்ஸ் மெய்யாகவே தூங்கிவிட்டாள், காட்சி முடிந்தும் எழுந்திருக்கவில்லை. பிரமாதமான நடிப்பு என்று எல்லோரும் மெச்சிவிட்டு அவளைத் தாண்டி ஏறினார்கள்.

“இன்னும் எத்தனை மாடிம்மா?” என்று அதிகாரி கைப்பிடியைப் பிடித்துக்கொண்டு கேட்டார்.

“பரிசீலனையில இருக்குங்க சார்” என்றாள் மீட்டர் அக்கா.

அவர் திரும்பிப் பார்த்தார். பின்னால் படி தெரியாமல் ஜனம். இறங்கி ஓடவும் வழியில்லை. தலைமை விருந்தினருக்கான நாற்காலியையோ சலூன்காரர் எப்போதும் ஒரு மாடி முன்னாலேயே தூக்கிக்கொண்டு போய்க்கொண்டிருந்தார். ஐந்தாம் மாடியில் அந்தச் சலூன்காரருக்கே வேஷம். மேல்வீட்டுத் தண்ணீர் தன் வீட்டில் சொட்டுகிறது என்று கை மடக்கிக்கொண்டு சண்டைக்கு ஏறி வருகிறார். வந்து சேரும்போது சண்டை போட மூச்சு இல்லை. “உன்னை... உன்னை...” என்கிறார். மேல்வீட்டுக்காரி பாவப்பட்டு ஒரு சொம்பு தண்ணீர் கொடுக்கிறாள். குடித்துவிட்டு, “ரொம்ப நன்றிம்மா” என்று கும்பிட்டுவிட்டு இறங்கிப் போகிறார். கூட்டம் சிரித்த சிரிப்பில் ஜன்னல் கண்ணாடி அதிர்ந்தது. அதிகாரியும் சிரிக்கப் பார்த்தார். இருமல்தான் வந்தது.

ஆறாம் மாடியில் மருமகள் கதவுக்குப் பின்னால் கோட்டைப் போட்டுக்கொண்டு நின்றிருந்தாள். காலடியில் மாமனாரின் பை இடித்தது. வெளியே என்ன நடக்கிறது என்று அவளுக்குத் தெரியாது. கதவு அடைத்திருந்தது, காது மட்டும்தான் திறந்திருந்தது.

வெளியே நடந்தது இதுதான். சலூன்காரர் தலைமை நாற்காலியை ஐந்தாம் மாடியிலேயே விட்டுவிட்டு நடிக்கப் போய்விட்டார். தொண்ணூற்றாறாவது படியில் கால் வைத்த அதிகாரி, கண்ணுக்குத் தெரிந்த முதல் காலி நாற்காலியில் தொப்பென்று விழுந்தார். அது நாடகத்து அதிகாரிக்காகப் போட்டிருந்த நாற்காலி. மாமனார் பார்த்தார். எதிரில் ஒருவர் பைலோடு உட்கார்ந்திருக்கிறார். உட்கார்ந்தவர் மருமகள் இல்லை என்பது தெரிந்ததா, தெரியவில்லையா, அவருக்கே வெளிச்சம். மூன்று வாரமாக மனப்பாடம் செய்த வசனத்தைக் கணீரென்று சொன்னார்.

“லிஃப்ட் எப்போ சார் வரும்?”

அதிகாரி பதில் சொல்ல வாயைத் திறந்தார். காற்றுதான் வந்தது. கையை உயர்த்தி, “ஆ...” என்றார்.

கதவுக்குப் பின்னாலிருந்து தேன் குரல் வந்தது. “...வன செய்யப்படும்.”

அப்படியொரு சிரிப்பை அந்தக் கட்டடம் அதற்கு முன்னால் கேட்டதில்லை. ஆறு மாடியும் சேர்ந்து சிரித்தது. அந்த ‘ஆ’வை மாமனாரே எடுத்துக் கொடுப்பதாக நினைத்துக்கொண்டு மிச்சத்தைச் சொன்ன மருமகள், ஒத்திகையில் இவ்வளவு சிரிப்பு வரவில்லையே என்று குழம்பிக்கொண்டே கதவைத் திறந்து வெளியே வந்தாள். நாற்காலியில் மெய்யான அதிகாரி, வாய் திறந்தபடி. முகத்தில் ஈயாடவில்லை. மீட்டர் அக்கா முந்தானையால் முகத்தை மூடிக்கொண்டு மறுபடியும் மரமாகிவிட்டாள். கூட்டத்தில் நின்ற வீட்டுக்காரர் வேண்டாம் வேண்டாம் என்று கையை ஆட்டினார்.

அவள் வாயில் ‘சிரமத்துக்கு வருந்துகிறோம்’ தயாராக வந்து நின்றது. சொல்லியிருந்தால் எல்லாம் அதோடு முடிந்திருக்கும். அதிகாரி பெருந்தன்மையாகத் தலையாட்டியிருப்பார், எல்லோரும் காபி குடித்துவிட்டுப் போயிருப்பார்கள். அவள் மாமனாரைப் பார்த்தாள். அவர் அதிகாரியைப் பார்க்கவில்லை, கூட்டத்தையும் பார்க்கவில்லை. அடுத்த வசனத்துக்காக அவள் வாயையே பார்த்துக்கொண்டிருந்தார். அவர் ஒரு தடவை காதால் கேட்க ஆசைப்பட்ட வசனம். அதைச் சொல்லாமல் எப்படி விடுவது?

அவள் அதிகாரியின் நாற்காலிக்குப் பக்கத்தில் போய் நின்று, கோட்டை இழுத்து விட்டுக்கொண்டு சொன்னாள். குரலில் தேன் இல்லை, சொந்தக் குரலே வந்தது.

“நாளைக்குக் காலையில பத்து மணிக்கு ஆள் வரும். என் பேர்ல எழுதிக்குங்க.”

கைதட்டல் தரைத்தளம் வரைக்கும் இறங்கிப் போய்விட்டு மறுபடி மேலே வந்தது. அதிகாரி மறுக்க நினைத்தாரோ என்னவோ, மூச்சு ஒத்துழைக்கவில்லை. விரலை மட்டும் ஆட்டினார். ஆட்டிய விரலை மாமனார் இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டார்.

“ரொம்ப நன்றி சார். பதினோரு மாசமா யாரும் தேதி சொல்லலை சார்.”

சொன்னவருக்குக் கண் நிறைந்துவிட்டது. அது நாடகத்தில் இல்லாதது. மருமகள் தண்ணீர் கொண்டுவந்து கொடுத்தாள். அதிகாரி ஒரே மூச்சில் குடித்தார்.

“இது... நான் சொன்னது இல்லையே” என்றார் கடைசியில்.

“இல்லைங்க சார்” என்றாள் மருமகள். “நாங்க எழுதினது. பதினாலு மனு எழுதினேன் சார், அதுலயும் இதைத்தான் எழுதினேன். நீங்க உங்க வாயால சொன்னா நல்லாயிருக்கும்.”

அவர் பைலைத் திறந்து காட்டினார். “இங்க பாருங்கம்மா. போன மாசம் எங்க ஆள் வந்து பார்த்து எழுதியிருக்கார். ‘பட்டன் ஒளிர்கிறது. மின்தூக்கி இயங்குகிறது.’ நானும் இன்னிக்கு...” என்று ஆரம்பித்தவர், தான் கீழே பட்டனை அழுத்தியது ஞாபகம் வந்து நிறுத்திக்கொண்டார். கைப்பிடி மேல் எட்டிக் கீழே பார்த்தார். தொண்ணூற்றாறு படி சுற்றிச் சுற்றி இறங்கிக்கொண்டே போயிற்று. முழங்காலைத் தடவிக்கொண்டார்.

“ஆமா, நான் இப்ப எப்படிக் கீழ போறது?”

பதில் சொல்ல வேண்டிய ஆளை எல்லோரும் பார்த்தார்கள். மருமகள் உதட்டைக் கடித்துக்கொண்டு நின்றாள். பிறகு முடியாமல் சொல்லிவிட்டாள்.

“அதுக்கும் ஆவன செய்யப்படும் சார்.”

முதலில் சிரித்தது அதிகாரிதான். இருமி, சிரித்து, கண்ணைத் துடைத்துக்கொண்டு, தங்க மூடிப் பேனாவைத் திறந்து பைலில் ‘இயங்குகிறது’ என்பதை அடித்தார். மேலே ‘இயங்கவில்லை. நானே ஏறிப் பார்த்தேன்’ என்று எழுதிக் கையெழுத்துப் போட்டார். மீட்டர் அக்கா சத்தமாகப் படித்துக் காட்டினாள். ஒவ்வொரு மாடியாக அந்த வரி கீழே போயிற்று. நாலாம் மாடியில் நர்ஸ் விழித்துக்கொண்டு, “என்ன, என் சீன் வந்துடுச்சா?” என்றாள்.

மறுநாள் திங்கட்கிழமை. பத்து மணிக்கு யாரும் வரவில்லை. மருமகள் அலுவலகத்தில் உட்கார்ந்து ஐந்து நிமிஷத்துக்கு ஒரு தடவை கடிகாரத்தைப் பார்த்தாள். அந்த நேரம் பார்த்து ஒரு பெரியவர் போன் செய்து, சந்தை ஸ்டாப்பில் வண்டி நிற்பதில்லை என்று ஆரம்பித்தார். அவள் மூன்று வாக்கியத் தாளைப் பார்த்தாள். பிறகு தாளின் மேல் டம்ளரைத் தூக்கி வைத்தாள்.

“அங்க ஒரு பள்ளம் இருக்குங்களா? பத்தடி தள்ளி ஒரு போர்டு வச்சா சரியாப் போயிடுமா? சொல்லுங்க, எழுதிக்கிறேன். என் பேர்லயே எழுதி மேல அனுப்புறேன்.”

“அம்மா, இது புகார் ஆபீஸ்தானே?” என்றார் பெரியவர்.

பத்தே முக்காலுக்கு மாமனாரே அவளுக்குப் போன் செய்தார். ஒரு வேன் வந்திருக்கிறது, இரண்டு பேர் இறங்கியிருக்கிறார்கள், ஒருவருக்கு வழுக்கை, இதுவரை பார்க்காத புது வழுக்கை என்றார். அதிகாரி வரவில்லையாம், காலில் பிடிப்பாம்.

உதிரிபாகம் வர எட்டு நாள், மாட்ட மூன்று நாள். முப்பதாம் தேதி மாலை ஐந்து மணிக்கு லிஃப்ட் ஆறாம் மாடிக்கு வந்து நின்று, கதவு திறந்தது. உள்ளே சலூன்காரரும் மீட்டர் அக்காவும் கதாநாயகர்கள் மாதிரி நின்றுகொண்டிருந்தார்கள். மாமனார் வெளுத்த சட்டை போட்டு, தலை சீவி, கைத்தடியோடு வாசலில் தயாராக இருந்தார். அவருக்குப் பின்னால் வீட்டுக்காரர் கதவோரத்துப் பையை எடுத்து மேஜை மேல் வைத்து, நாலு சட்டையையும் ஒவ்வொன்றாக வெளியே எடுத்துக்கொண்டிருந்தார். “அண்ணனுக்கு நானே சொல்லிக்கிறேன்” என்றார், யாரையும் பார்க்காமல். மருமகளுக்கு அவரை அப்படியே கட்டிக்கொள்ளலாம் போலிருந்தது. எதிரில் சலூன்காரர் நின்றதால் சும்மா இருந்தாள்.

மாமனார் லிஃப்டுக்குள் போய், திரும்பி நின்று, பழைய டிரைவர் தோரணையில் எல்லோரும் ஏறியாயிற்றா என்று பார்த்துக்கொண்டு பட்டனை அழுத்தினார். விளக்கு எரிந்தது. கீழே பெஞ்சிலிருந்து யாரோ அவர் பெயரைச் சொல்லிக் கூப்பிடும் சத்தம் மேலே கேட்டது.

“வெங்காயம் உரிக்கணும் மாமா” என்றாள் மருமகள். “திரும்பி எப்போ வருவீங்க?”

அவர் கைத்தடியை ஊன்றிக்கொண்டு, அவளுடைய அதே தேன் குரலில், “தங்கள் புகார் பதிவு செய்யப்பட்டது” என்றார். கதவு நகர ஆரம்பித்தது. “சிரமத்துக்கு வருந்துகிறோம்.” இன்னும் ஒரு சாண் இடைவெளிதான் இருந்தது. அதன் வழியே ஒரு கண்ணைச் சிமிட்டினார்.

“ஆவன செய்யப்படும்!”

கதவு மூடிக்கொண்டது.